பின்னால் நிற்க ஆளில்லாத சடங்கு: மிஷிமாவின் ‘யூகோக்கு’ குறும்படம் பற்றி ஓர் ஆய்வு

1. ஆய்வுப் பொருள்

ஜப்பானிய எழுத்தாளர் யுகியோ மிஷிமா தம் வாழ்நாளில் ஒரே ஒரு படத்தைத்தான் இயக்கினார். ‘யூகோக்கு’ என்பது அதன் பெயர். நாட்டை எண்ணி வருந்துதல் என்று அந்தச் சொல்லுக்குப் பொருள். 1961இல் வெளிவந்த தம் சிறுகதையை அவரே திரைக்கதையாக்கினார், அவரே முதன்மைப் பாத்திரத்தில் நடித்தார். மேடைக்கலை அறிந்த மசாக்கி தோமோத்தோவின் துணையோடு 1965 ஏப்ரலில் இரண்டே நாளில் எடுத்து முடித்தார். அரைமணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான கறுப்பு வெள்ளைப் படம் இது. எவரும் ஒரு சொல்லும் பேசுவதில்லை. கதையின் முன்பின் செய்திகள் மிஷிமாவின் கையெழுத்தில் ஒரு சுருளில் விரிகின்றன. மற்ற நேரம் முழுவதும் இசையமைப்பாளர் வாக்னரின் ‘டிரிஸ்டானும் ஐசோல்டும்’ இசை நாடகத்தின் இசைதான்.

கதை சில வரிகளில் அடங்கிவிடும். 1936 பிப்ரவரி 26 அன்று டோக்கியோவில் இளம் இராணுவ அதிகாரிகள் கலகம் செய்கிறார்கள். புதிதாக மணமானவன் என்பதால் லெப்டினன்ட் தக்கேயாமாவை நண்பர்கள் அதில் சேர்க்கவில்லை. அந்த நண்பர்களைச் சுடும்படி தனக்கு ஆணை வரும் என்பதை உணர்ந்து அவன் வீடு திரும்புகிறான். சாமுராய் முறைப்படி வயிற்றைக் கீறி உயிர்விடத் தீர்மானிக்கிறான். மனைவி ரெய்கோ தானும் வருவதாகச் சொல்கிறாள். இருவரும் கடைசியாக ஒருமுறை கூடுகிறார்கள். அவன் சாகிறான், பிறகு அவள்.

இதைத் திகில் படம் என்று பெயரிட்டு எவரும் வெளியிடவில்லை. ஆனாலும் பேயும் பிசாசும் வரும் பல படங்கள் தராத நடுக்கத்தை இது தருகிறது. அந்த நடுக்கத்துக்குக் காரணம் இரத்தம் என்பது பொதுவான கருத்து. அதை நான் ஏற்கவில்லை. பல நூற்றாண்டுகளில் உருவான ஒரு சடங்கிலிருந்து இரண்டு பேரை இப்படம் வெளியேற்றிவிட்டது. அவர்கள் நின்ற இடம் காலியாகவே இருக்கிறது. அந்தக் காலியிடத்தில் பார்வையாளர் போய் நிற்க நேர்வதுதான் நடுக்கத்தின் வேர் என்பது இக்கட்டுரையின் வாதம்.

2. சடங்கின் அமைப்பு

செப்புக்கு, பேச்சுவழக்கில் ஹராகிரி, இரண்டுக்கும் பொருள் வயிற்றைக் கீறுதல். வயிறு ஏன் என்ற கேள்விக்கு மொழியிலேயே விடை இருக்கிறது. ஜப்பானியரின் வழக்கில் ஒருவரின் உண்மையான எண்ணம் குடிகொண்டிருக்கும் இடம் வயிறு. நாம் நெஞ்சைத் திறந்து பேசுகிறோம் என்போம். அவர்கள் வயிற்றைப் பிளந்து பேசுவதாகச் சொல்வார்கள். ஆகவே வயிற்றைத் திறந்து காட்டுவது ‘என்னிடம் அழுக்கில்லை, பாருங்கள்’ என்று சொல்வதற்கு ஈடானது. பார்க்க ஆள் வேண்டும் என்ற நிபந்தனை தொடக்கத்திலேயே இதற்குள் அடங்கியிருக்கிறது.

1180இல் உஜிப் போரில் தோற்ற மினமோத்தோ நோ யோரிமாசாவின் முடிவைப் பழைய எடுத்துக்காட்டுகளில் ஒன்றாகச் சொல்வார்கள். போர்க்களத்துச் செயலாக இருந்த இது, எடோ காலத்தில் (1603–1868) அரசின் தண்டனை முறையாக மாறியது. குற்றம் செய்த சாமுராய்க்குக் கொலைத் தண்டனைக்குப் பதில் தானே சாகும் மரியாதை அளிக்கப்பட்டது. அப்போதுதான் விதிகள் பெருகின. பாய் விரிக்கும் முறை, வெள்ளை உடை, தாளால் சுற்றிய குறுவாளைத் தாங்கும் சிறு மரத்தட்டு, கடைசி மதுக் கிண்ணம், மரணக் கவிதை என ஒவ்வொன்றுக்கும் இலக்கணம் வகுத்தார்கள்.

இந்த விதிகளில் இரண்டு நமக்கு முக்கியம்.

முதலாவது, கைஷாக்கு. சாகிறவரின் பின்னால், பெரும்பாலும் இடப்பக்கமாக, நீண்ட வாளோடு ஒருவர் நிற்பார். வயிற்றில் கத்தி பட்டதும் கழுத்தை வெட்டி வேதனையை முடிப்பது அவர் கடமை. அந்த இடத்துக்கு நண்பரையோ சீடரையோ தேர்ந்தெடுப்பார்கள். தலை உருண்டோடாமல் முன்பக்கத் தோலில் ஒரு நூலளவு விட்டு வெட்டுவதே கைத்திறன் என்று கருதப்பட்டது. காலப்போக்கில் கைஷாக்குவின் வெட்டு முன்னே முன்னே நகர்ந்தது. குறுவாளை எடுக்கக் கை நீட்டியதுமே வெட்டிவிடுவார்கள். சில வேளைகளில் தட்டில் வாளுக்குப் பதிலாக ஒரு விசிறிதான் இருக்கும். ‘விசிறி வயிறு’ என்றே அதற்குப் பெயர். விசிறியை நோக்கி அவர் குனிவார், கழுத்து துண்டாகும். ஆக, சடங்கு முதிர முதிர வேதனை குறைந்துகொண்டே வந்தது. வயிறு ஓர் அடையாளமாகச் சுருங்கியது. சாமுராய்களைப் பற்றிய புனைவுகள் பெரும்பாலும் மறைத்துவிடும் உண்மை இது.

இரண்டாவது, சாட்சி. அரசின் சார்பில் வந்து பார்த்து உறுதிசெய்ய ஆட்கள் அமர்ந்திருப்பார்கள். 1868இல் கோபே துறைமுகத்தில் வெளிநாட்டவர் மீது சுட ஆணையிட்ட தாக்கி ஸென்ஸாபுரோவின் செப்புக்கு இதற்கு நல்ல சான்று. பிரித்தானியத் தூதரக அதிகாரி ஆல்ஜர்னன் மிட்ஃபோர்டு அதை நேரில் கண்டு எழுதினார். இரவில், ஒரு கோயில் மண்டபத்தில், ஒரு பக்கம் ஏழு ஜப்பானியரும் மறுபக்கம் ஏழு வெளிநாட்டவருமாகச் சாட்சிகள் உட்கார்ந்தார்கள். கைஷாக்குவாக நின்றவர் ஸென்ஸாபுரோவின் சீடர். பின்பக்கமாகச் சாய்ந்து விழுவது இழுக்கு என்பதால், ஸென்ஸாபுரோ தம் சட்டைக் கைகளை முழங்காலுக்கு அடியில் செருகிக்கொண்டார் என்று மிட்ஃபோர்டு குறிக்கிறார். உடல் தன் விருப்பத்துக்கு எதையும் செய்துவிடக் கூடாது என்ற அச்சத்தை இந்தச் சின்னச் செயலில் காணலாம். சடங்கு என்பதே உடலை நம்பாதவர்கள் செய்த ஏற்பாடு.

தண்டனையாகச் செப்புக்கு வழங்குவது 1873இல் ஒழிந்தது. அதன்பின் அது தனிமனிதர் கையில் விடப்பட்டது. 1912இல் மெய்ஜி பேரரசரின் இறுதிச் சடங்கு நாளன்று தளபதி நோகியும் அவர் மனைவி ஷிஸுக்கோவும் வீட்டில் உயிர்விட்டது பெரும் அதிர்வை உண்டாக்கியது. கணவன், மனைவி, பூட்டிய வீடு: ‘யூகோக்கு’வின் சட்டகம் அங்கேயே தயாராகிவிட்டது.

3. வெளியேற்றப்பட்டவர்கள்

3.1 கைஷாக்கு

படத்தில் தக்கேயாமாவின் பின்னால் எவரும் இல்லை. அதனால் முடிவு வர மறுக்கிறது. வாக்னரின் இசை அலையலையாக ஏறுகிறது. திரையில் வியர்வை, நுரைக்கும் வாய், நடுங்கும் கை. சடங்கு நூற்றாண்டுகளாகச் சுருக்கிவந்த அந்த இடைவெளியை மிஷிமா முழுதாக விரித்துக் காட்டுகிறார். ஆகவே இப்படம் பழைய சடங்கை மீட்கிறது என்ற கூற்று பிழை. எடோ காலத்துச் சடங்கு அதிகாரி ஒருவர் இதைப் பார்த்திருந்தால் ஒழுங்கு கெட்ட நிகழ்வு என்றே குறித்திருப்பார்.

இங்கே மசாக்கி கொபயாஷியின் 1962ஆம் ஆண்டுப் படமான ‘செப்புக்கு’வை அருகில் வைத்துப் பார்ப்பது அவசியம். வறுமையால் தன் வாளை விற்றுவிட்டு மூங்கில் வாளைச் செருகித் திரியும் இளைஞனை, அந்த மூங்கிலாலேயே வயிற்றைக் கீறும்படி ஒரு பிரபு குடும்பத்தார் வற்புறுத்துகிறார்கள். கைஷாக்கு பக்கத்திலேயே நிற்கிறார். முறைப்படி முழுதாகக் கீறும்வரை வெட்ட மாட்டேன் என்று காத்திருக்கிறார். வெட்டாமல் நிற்கும் அந்த வாளைவிடக் கொடிய பொருளைத் திரையில் நான் கண்டதில்லை. கொபயாஷிக்கு, தாமதிக்கும் கைஷாக்கு என்பது சித்திரவதை. சாமுராய் ஒழுக்கத்தின் பொய்முகம். மூன்றே ஆண்டு கழித்து அதே தாமதத்தை மிஷிமா மாட்சி என்று முன்வைக்கிறார். இரண்டு படங்களிலும் உடல் படும் பாடு ஒன்றுதான். கொபயாஷி அந்த இளைஞனின் கூக்குரலை நமக்குக் கேட்கவிட்டார். மிஷிமா அதன்மேல் இசையைப் போர்த்தினார். எவர் மெய்யாக அந்த உடலுக்கு இரங்கினார் என்பதில் எனக்கு ஐயமில்லை.

3.2 சாட்சி

ஏழும் ஏழும் உட்கார்ந்த இடத்தில் படத்தில் ஒருத்திதான் இருக்கிறாள். கணவனும் மனைவியும் சேர்ந்து சாகும்போது மனைவியை முதலில் முடித்துவிட்டுத் தான் சாவதே கணவர்களின் வழக்கம். தக்கேயாமாவோ தன் முடிவைப் பார்க்கும்படி ரெய்கோவைக் கேட்கிறான். அவள் பின்வாங்க மாட்டாள் என்ற நம்பிக்கைக்கு அடையாளமாகக் கதை இதைச் சொல்கிறது. ஆனால் திரைமொழியில் இது வேறொன்றாகிவிடுகிறது. ரெய்கோ அழுகிறாள், துடிக்கிறாள். அவளால் எதையும் நிறுத்த முடியாது. அதே நேரத்தில் இருட்டில் இருக்கையில் அமர்ந்திருக்கும் நாமும் அதே நிலையில்தான் இருக்கிறோம். அரசுச் சாட்சிக்கு வேலை இருந்தது: பார்த்தான், உறுதிசெய்தான், எழுந்து போனான். வேலையில்லாத சாட்சிக்குப் பார்ப்பது மட்டுமே மிச்சம். திகில் என்று நாம் பெயரிடும் உணர்வு இந்த இடத்தில்தான் பிறக்கிறது.

3.3 கண்

தக்கேயாமாவின் இராணுவத் தொப்பி நெற்றியைத் தாண்டி இறங்கியிருக்கிறது. அதன் முன்விளிம்பு கண்களை மறைக்கிறது. முகத்தை, ஜப்பானின் பழைய நாடக வடிவமான நோவின் முகமூடிபோல ஆக்குவதற்காகச் செய்த ஏற்பாடு இது. விளைவு அதற்கும் மேலே போகிறது. சாகிறவனின் கண்ணை நாம் பார்க்க முடியாததால், அவன் அஞ்சுகிறானா, மனம் மாறுகிறானா என்று அறிய வழியில்லை. சீருடைதான் சாகிறது, ஆள் எங்கே என்று தேடத் தோன்றுகிறது.

4. மேடையும் மணலும்

நோ மேடை கூரையும் தூண்களும் கொண்ட சதுரத் தளம். பின்சுவரில் ஒரு பைன் மரம் வரைந்திருக்கும். வேறு பின்னணிக் காட்சி இல்லை. ‘யூகோக்கு’வின் வீடு அந்த மேடையேதான். மரம் இருக்க வேண்டிய இடத்தில் ‘ஷிசெய்’, அதாவது மாசற்ற வாய்மை, என்ற இரண்டு எழுத்துகள் தொங்குகின்றன. நோவில் அந்த மரம் தெய்வம் இறங்கும் இடம். மிஷிமா தெய்வத்தை எடுத்துவிட்டு ஓர் அறநெறியைத் தொங்கவிட்டார். காதலும் சாவும் அந்த எழுத்துகளின் கீழேயே நடக்கின்றன. எழுத்துகள் அசைவதே இல்லை.

மிஷிமாவுக்கு நோ புதிதன்று. பழைய நோ நாடகங்களைத் தற்காலச் சூழலில் அமைத்து எழுதிய அவரது தொகுப்பு 1956இல் வந்துவிட்டது. நோவில் ‘முகென்’ என்னும் ஒரு வகை உண்டு. கனவு நோ எனலாம். ஒரு வழிப்போக்கன் பழைய போர்க்களம் ஒன்றுக்கு வருகிறான். அங்கே ஒருவரைச் சந்திக்கிறான். அவர் உயிரோடிருப்பவர் அல்லர். தாம் இறந்த கதையை அந்த ஆவி அவன் முன் மறுபடி ஆடிக் காட்டிவிட்டு மறைகிறது. ‘யூகோக்கு’வின் மெதுவான அசைவுகள், சத்தமற்ற பாதங்கள், வெண்மைக்குள் கரையும் வெண்ணுடை ஆகியவை இந்த வகையின் இலக்கணத்திலிருந்து வந்தவை. ஆட்கள் சாகப்போகிறவர்களாகத் தெரியவில்லை. எப்போதோ செத்தவர்கள் அன்று நடந்ததைத் திரும்பச் செய்வதுபோல் இருக்கிறது.

இறுதிக் காட்சியில் வீடே இல்லாமல் போகிறது. இருவர் உடலும் ஜென் தோட்டத்தில் காணும் கோடு கிழித்த மணலின் மேல் கிடக்கின்றன. எப்படி வந்தார்கள் என்று படம் சொல்வதில்லை. இரத்தமும் இல்லை. சற்றுமுன் நாம் பார்த்த அத்தனை அழுக்கையும் படம் ஒரே வெட்டில் துடைத்துவிடுகிறது. அழகான காட்சிதான். எனக்கு அதுதான் படத்திலேயே மிகவும் அச்சமூட்டும் காட்சி.

5. கண்ணைக் கீறியவரும் கண்ணை மறைத்தவரும்

ஜப்பானில் 1966இல் ‘யூகோக்கு’வைத் திரையிட்ட ஆர்ட் தியேட்டர் கில்டு நிறுவனம், அதனுடன் இயக்குநர் லூயிஸ் புனுவேலின் ‘ஒரு பணிப்பெண்ணின் நாட்குறிப்பு’ படத்தைச் சேர்த்தே காட்டியது. இந்தச் சேர்க்கை தற்செயலாக இருக்கலாம், பொருத்தம் ஆழமானது. புனுவேலும் சல்வதோர் தாலியும் 1929இல் எடுத்த ‘ஆந்தலூசிய நாய்’ மிகை எதார்த்தத் திரைப்படத்தின் முதல் அடையாளங்களில் ஒன்று. அதுவும் குறும்படம்தான். அதற்கும் ‘டிரிஸ்டானும் ஐசோல்டும்’ ஒலித்தது. அதிலும் ஒரு கத்தி உடலைக் கீறுகிறது. தொடக்கத்திலேயே சவரக் கத்தியால் ஒரு பெண்ணின் கண்.

புனுவேல் அந்த இசையைக் கேலிக்காகப் பயன்படுத்தினார். உயர்ந்த காதல் பற்றிய முதலாளி வர்க்கத்தின் உருக்கத்தைக் கிழித்தெறிய அவருக்கு வாக்னர் வேண்டியிருந்தார். மிஷிமாவோ வாக்னரை முழுமையாக நம்பினார். காதலும் சாவும் ஒன்றே என்ற அந்த இசை நாடகத்தின் கருத்தைத் தம் படத்தின் உயிராகவே கொண்டார். காதல் காட்சியில் கேமரா உடலைத் துண்டு துண்டாக நெருங்குகிறது: தலைமுடி, கண், வயிறு. நாம் அன்போடு பார்க்கப் பழகிய அதே வயிற்றை, அதே நெருக்கத்தில், அடுத்த அத்தியாயத்தில் கத்தியோடு பார்க்கிறோம். கனவில்தான் ஒரு பொருள் இப்படி எச்சரிக்கை இல்லாமல் எதிர்ப்பொருளாக மாறும். மிஷிமா மிகை எதார்த்தவாதி அல்லர். சடங்கின் கறார் ஒழுங்கை இம்மியும் விடாமல் பின்பற்றியே அவர் கனவின் ஒழுங்கின்மைக்குள் போய் விழுந்தார் என்று நான் கருதுகிறேன்.

6. ரெய்கோ

தக்கேயாமாவின் சாவுக்கு ஆணை, கடமை, நட்பு என்று காரணங்கள் உண்டு. ரெய்கோவுக்கு எந்த ஆணையும் வரவில்லை. கணவன் வீடு வருமுன்பே அவள் தன் சின்னச் சின்ன உடைமைகளை யார் யாருக்கு என்று பிரித்து வைத்துவிட்டதாகக் கதை சொல்கிறது. அவற்றில் பீங்கான் விலங்குப் பொம்மைகளும் உண்டு. மணமாகி அரையாண்டுகூட ஆகாத இளம்பெண் அவள் என்பதை அந்தப் பொம்மைகள் நினைவூட்டுகின்றன.

கணவன் இறந்தபின் அவள் எழுந்து கண்ணாடியின் முன் போகிறாள். வெள்ளைக் கிமோனோவின் விளிம்பு இரத்தத்தில் தோய்ந்து இழுபடுகிறது. கறுப்பு வெள்ளைப் படத்தில் இரத்தம் மைபோலக் கறுப்பு. எழுத்தில் தொடங்கி எழுத்தாகவே விரிந்த படத்தில், அந்த விளிம்பும் தூரிகைபோலத் தரையில் ஏதோ எழுதிக்கொண்டு போகிறது. அவள் உட்கார்ந்து முகத்துக்கு அரிதாரம் பூசுகிறாள். கை நடுங்கவில்லை. ஒப்பனை முடியும்போது அவள் முகமும் முகமூடியாகிவிடுகிறது. கணவனுக்குத் தொப்பி செய்ததை அவள் தன் கையாலேயே செய்துகொள்கிறாள்.

கதையில் இன்னொரு செயலும் உண்டு. தாங்கள் அழுகிப்போகும்வரை எவரும் கவனிக்காமல் விட்டுவிடக் கூடாது என்று அவள் வாசல் தாழ்ப்பாளை நீக்கி வைக்கிறாள். உலகம் உள்ளே வர அவளுக்கு விருப்பமிருந்தது. அந்தத் தாழ்ப்பாளைப் படிக்கும்போதெல்லாம், அவள் வெளியே போயிருக்கலாமே என்ற எண்ணத்தைத் தவிர்க்க என்னால் முடிந்ததில்லை.

7. திரையில் வராத பிணங்கள்

இதைச் சுருக்கமாகவேனும் சொல்லியாக வேண்டும். 1936 பிப்ரவரி 26 கலகத்தில் ஏறத்தாழ 1,400 படைவீரர்கள் டோக்கியோவின் மையப் பகுதியைக் கைப்பற்றினார்கள். நிதியமைச்சர் கொரேகியோ தக்காஹாஷி, முன்னாள் பிரதமர் மக்கோத்தோ சைத்தோ, தளபதி ஜோத்தாரோ வத்தனாபே ஆகியோர் கொல்லப்பட்டனர். பேரரசரின் பெயரால் செய்த கலகத்தைப் பேரரசரே அடக்க உத்தரவிட்டார். நான்காம் நாள் எல்லாம் முடிந்தது. படத்தில் இவற்றுக்கு ஒரு சுருளின் சில வரிகள்தான் இடம். முதியவர்களை அவர்கள் இல்லத்திலேயே கொன்ற நண்பர்களுக்காகத்தான் தக்கேயாமா சாகிறான் என்பதைப் படம் நம்மை மறக்கச் செய்கிறது. ‘மாசற்ற வாய்மை’ என்ற எழுத்துகள் தொங்கும் சுவரின் வெண்மைக்கு இந்த மறதியும் ஒரு விலை.

8. படம் திரும்பி வந்த விதம்

1970 நவம்பர் 25 அன்று மிஷிமா தம் சொந்தப் படையைச் சேர்ந்த நான்கு இளைஞர்களோடு டோக்கியோ இச்சிகாயாவில் உள்ள தற்காப்புப் படைத் தலைமையகத்துக்குப் போனார். தளபதி மஷித்தாவை அவருடைய அறையிலேயே நாற்காலியோடு கட்டிப்போட்டார்கள். மாடத்தில் நின்று மிஷிமா பேசினார். கீழே கூடிய வீரர்கள் கூச்சலிட்டு அவரை இகழ்ந்தார்கள். அறைக்குத் திரும்பி அவர் செப்புக்கு செய்துகொண்டார். வயது 45.

படத்திலிருந்து அவர் வெளியேற்றிய இருவரும் அந்த அறையில் இருந்தார்கள். சாட்சி இருந்தார்: கட்டுண்டு, விருப்பமின்றி. கைஷாக்குவும் இருந்தார்: மசக்காத்சு மொரித்தா என்ற 25 வயது இளைஞர். அவருடைய வாள் மீண்டும் மீண்டும் தவறியது. ஹிரோயாசு கோகா என்ற மற்றொருவர் வாளை வாங்கி முடிக்க வேண்டியிருந்தது. வேதனையைக் குறைக்க நூற்றாண்டுகள் பாடுபட்ட ஏற்பாடு அங்கே முற்றாகக் குலைந்தது. இசை இல்லை. மணல் இல்லை.

இதற்குப் பின் ‘யூகோக்கு’வை வெறும் படமாகப் பார்க்க எவராலும் இயலாது. இறந்தவர் வந்து தம் சாவை நம் முன் ஆடிக் காட்டும் கனவு நோவாக அது மாறிவிட்டது. நோ ஆசிரியர்கள் ஆவிக்கு நடிகர் ஒருவரைத் தேடினார்கள். இங்கே ஆவியும் நடிகரும் ஒருவரே.

ஆனால் நெடுங்காலம் அதைப் பார்க்கவே வழி இருக்கவில்லை. மிஷிமா 1958இல் மணந்த யோக்கோ, படத்தின் பிரதிகளை அழித்துவிடும்படி கேட்டுக்கொண்டார். பிரதிகள் அழிக்கப்பட்டன. திரையில் அவர் கணவர் ஒரு மனைவிக்கு எழுதி வைத்திருந்தது இரண்டே கடமைகள்: அருகிலிருந்து பார்ப்பது, பின்தொடர்வது. யோக்கோ இரண்டையும் செய்யவில்லை. இரண்டு குழந்தைகளை வளர்த்தார், 1995இல் இறந்தார். 2005இல் அவர்கள் வீட்டில் ஒரு தேயிலைப் பெட்டிக்குள் நெகட்டிவ் பத்திரமாக இருப்பது தெரியவந்தது. ஈரம் புகாதபடி உட்புறம் தகரம் அடித்த மரப்பெட்டி. தேயிலையின் மணம் கெடாமல் காக்க ஜப்பானில் அப்படித்தான் செய்வார்கள்.

மிஷிமாவுக்குப் பின் யோக்கோ உயிரோடிருந்த இருபத்தைந்து ஆண்டுகளும் அந்தப் பெட்டி மூடியே இருந்தது.